சுவரில் ஒரு எண்ணெய்க் கறை: ப்ரொடக்‌ஷன் டிசைனரின் வேலை என்ன?

காரைக்குடிக்குப் பக்கத்தில் ஒரு கிராமத்து வீடு. படப்பிடிப்புக்குப் பேசி முடித்தாகிவிட்டது. அளந்து வரச் சொல்லி என்னை அனுப்பியிருந்தார்கள். ஆர்ட் டிபார்ட்மெண்டில் உதவியாளனாகச் சேர்ந்து எனக்கு ஒரு வருடம்கூட ஆகவில்லை. கையில் ஒரு டேப், ஒரு நோட்டு. முகப்பை அளந்துவிட்டு வளவுக்குள், அதாவது வீட்டின் நடு முற்றத்துக்குள் போனேன். பட்டாலை என்கிற உட்காரும் திண்ணையின் சுவரில், தரையிலிருந்து இரண்டரை அடி உயரத்தில் பழுப்பாக வட்டம் வட்டமாகத் தெரிந்தது. வரிசையாக மூன்று. நடுவில் இருந்தது மட்டும் நன்றாகக் கறுத்து மினுமினுத்தது.

"என்ன தம்பி, அப்படிப் பாக்குறிய?" என்று கேட்டுக்கொண்டே அந்த வீட்டு ஆச்சி வந்தார்.

"சுவத்துல என்ன கறை ஆச்சி?"

"எண்ணெதான். எங்க மாமனார் சாஞ்சு உக்காந்து கணக்குப் பாத்த எடம். ரெண்டு பக்கமும் தம்பிமாருக உக்காருவாக."

எத்தனையோ வருடம், தினமும், எண்ணெய் தேய்த்த தலை சாய்ந்த இடம். நான் நோட்டில் சுவரின் நீளம், உயரம், தூணுக்கும் தூணுக்கும் உள்ள இடைவெளி எல்லாம் எழுதினேன். கறையை எழுதவில்லை. படப்பிடிப்புக்கு இரண்டு நாள் முன்னால் எங்கள் பெயிண்டர்கள் வந்து, சுவர் பளிச்சென்று இருக்கட்டும் என்று ஒரு கோட் அடித்துவிட்டார்கள். ஆச்சி எங்களை ஒரு வார்த்தை சொல்லவில்லை. கறை இருந்த இடத்தில் கையை வைத்துப் பார்த்தார், அடுப்படிக்குப் போய்விட்டார். இயக்குநர் வந்ததும் கேட்ட முதல் கேள்வி, "அந்தக் கறை எங்கே? அதைப் பார்த்துத்தானே இந்த வீட்டைப் பிடித்தோம்!"

ப்ரொடக்‌ஷன் டிசைனருக்கு என்ன வேலை என்று யார் கேட்டாலும் எனக்கு அந்தச் சுவர்தான் ஞாபகம் வருகிறது. போன மாதம் பிளைவுட்டில் அடித்த ஒரு சுவரைக் காட்டி, இங்கே ஒரு மனிதர் முப்பது வருடம் சாய்ந்து உட்கார்ந்திருந்தார் என்று பார்ப்பவரை நம்ப வைக்க வேண்டும். அதுதான் வேலை.

இரண்டு பெயர்கள், ஒரு குழப்பம்

சரி, முறையாகச் சொல்லிவிடுகிறேன். திரையில் நடிகரையும் அவர் உடுத்தியிருப்பதையும் தவிர நீங்கள் பார்க்கும் கிட்டத்தட்ட எல்லாவற்றுக்கும் ஒரு பொறுப்பாளர் இருக்கிறார். வீடு, தெரு, கடைப் பலகை, சுவரின் நிறம், மேசை மேல் கிடக்கும் மூக்குக்கண்ணாடிக் கூடு வரைக்கும் அவர் கணக்கில்தான் வரும். கதையை வாசித்துவிட்டு, இந்தப் படத்தின் உலகம் எப்படி இருக்க வேண்டும் என்று இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் உட்கார்ந்து முடிவு செய்பவர் ப்ரொடக்‌ஷன் டிசைனர். அந்த முடிவை அளவுள்ள வரைபடமாக்கி, ஆள் வைத்து, பட்ஜெட்டுக்குள், தேதிக்குள் கட்டி முடிப்பவர் ஆர்ட் டைரக்டர், அதாவது கலை இயக்குநர். உடை வடிவமைப்பு தனி வேலை. ஆனாலும் சுவர் என்ன நிறம், சேலை என்ன நிறம் என்று இரண்டு பேரும் பேசிக்கொள்ளாவிட்டால் ஆச்சி சுவரோடு சுவராகக் கரைந்துபோவார்.

தமிழ் சினிமாவில் நீண்ட காலம் இந்த இரண்டு வேலையையும் ஒருவரே பார்த்தார். அதனால் நம் பேச்சில் ஆர்ட் டைரக்டர் என்ற ஒரே பெயர் நின்றுவிட்டது. இன்றும் சின்ன பட்ஜெட் படங்களில் அப்படித்தான்.

ப்ரொடக்‌ஷன் டிசைனர் என்ற பெயர் 1939இல் வந்த 'கான் வித் த விண்ட்' படத்தோடு வந்தது. தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக், வில்லியம் கேமரூன் மென்சீஸ் என்பவரிடம் படம் முழுவதும் கண்ணுக்கு எப்படித் தெரிய வேண்டும் என்ற பொறுப்பை ஒப்படைத்தார். மென்சீஸ் காட்சிகளை முன்கூட்டியே வரைந்தார். கேமரா எங்கே இருக்கும், வெளிச்சம் எப்படி விழும், எந்த நிறம் தூக்கலாக இருக்கும் என்பதெல்லாம் அந்தப் படங்களிலேயே இருந்தது. அதே படத்துக்கு லைல் வீலர் என்ற ஆர்ட் டைரக்டர் தனியாக இருந்தார். மென்சீஸ் செய்ததற்குப் பழைய பெயர் போதாது என்பதால் புதுப் பெயர் கொடுத்தார்கள். ஆஸ்கர்காரர்கள் தங்கள் விருதின் பெயரை 'ஆர்ட் டைரக்‌ஷன்' என்பதிலிருந்து 'ப்ரொடக்‌ஷன் டிசைன்' என்று மாற்றியது ரொம்பப் பிந்தி, 2012ஆம் ஆண்டுப் படங்களுக்கான விருதில்.

நம் பக்கத்தில் இந்த வேலையின் வீச்சைப் புரிந்துகொள்ள மூன்று பெயர்கள் போதும். 1987இல் வந்த 'நாயகன்' படத்துக்காக பம்பாய் தாராவியின் பெரும்பகுதியைச் சென்னையில் செட்டாக எழுப்பித் தேசிய விருது வாங்கியவர் தோட்டா தரணி. 'பாரதி' (2000) படத்துக்குக் கலை இயக்கம், உடை வடிவமைப்பு இரண்டுக்கும் தேசிய விருது வாங்கியவர் பி. கிருஷ்ணமூர்த்தி. 'எந்திரன்' (2010) படத்துக்கு வாங்கியவர் சாபு சிரில். ஒருவர் குடிசைப் பகுதியைக் கட்டினார், ஒருவர் கவிஞரின் காலத்தைக் கட்டினார், ஒருவர் இயந்திர உலகத்தைக் கட்டினார்.

எங்கள் காரைக்குடிக்கும் இந்தத் தொழிலில் பழைய பாத்தியதை உண்டு. ஏவிஎம் ஸ்டுடியோவைத் தொடங்கிய ஏ.வி. மெய்யப்பன் பிறந்த ஊர் இது. கோடம்பாக்கத்துக்குப் போவதற்கு முன் அவர் ஸ்டுடியோ போட்டது இங்கே தேவகோட்டை ரஸ்தாவில். 1947இல் வந்த 'நாம் இருவர்' அங்கே எடுத்த படம்.

மூன்று வரிக் காட்சி

பொதுவாகச் சொல்லிக்கொண்டே போனால் பிடிபடாது. ஒரு கற்பனைக் காட்சியை எடுத்துக்கொள்வோம். திரைக்கதையில் இப்படி இருக்கிறது: '1942. செட்டிநாட்டு வீடு. பகல். ரங்கூனில் இருக்கும் கணவரிடமிருந்து வந்த பழைய கடிதத்தை ஆச்சி மறுபடியும் படிக்கிறார்.'

மூன்றே வரி. இதை வாசித்ததும் புதிதாக வருபவர்கள் உடனே போனை எடுத்து செட்டிநாட்டு வீடுகளின் படங்களைத் தேடுகிறார்கள். தேர்ந்த டிசைனர் கேள்வி கேட்க ஆரம்பிப்பார்.

1942இல் எந்த மாதம்? ஜப்பான்காரர்கள் ரங்கூனில் குண்டு போட்டது 1941 டிசம்பரில். ரங்கூன் அவர்கள் கைக்குப் போனது 1942 மார்ச்சில். காட்சி ஏப்ரல் என்றால் புதுக் கடிதம் வர வழியில்லை. அந்தப் பழைய தாள் எத்தனையோ முறை மடித்துப் பிரித்ததாக இருக்க வேண்டும். மடிப்பு ஓரம் நைந்திருக்க வேண்டும்.

வீடு எப்போது கட்டியது? இந்தக் கேள்வியில்தான் நிறைய பேர் சறுக்குகிறார்கள். நாம் இன்று கானாடுகாத்தானிலோ ஆத்தங்குடியிலோ பார்க்கும் பெரிய வீடுகள் நூறு வயதைத் தொட்டவை. தேக்கு கறுத்துவிட்டது, பெல்ஜியம் கண்ணாடியில் புள்ளி விழுந்துவிட்டது, தரைக் கல்லின் ஓரம் மழுங்கிவிட்டது. அந்த வயதை அப்படியே எடுத்து 1942இல் வைத்தால் தப்பு. அப்போது அந்த வீட்டுக்கு முப்பது வயதுதான் ஆகியிருக்கும். பர்மா தேக்குத் தூணில் மெருகு இருக்கும். முட்டை வெள்ளைக்கரு சேர்த்துப் பூசிய சுண்ணாம்புச் சுவர் பளிங்கு மாதிரி மின்னும். அப்படிப்பட்ட வீட்டில், கணவர் உயிரோடு இருக்கிறாரா என்று தெரியாமல் ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறார். வீடு பளபளக்கப் பளபளக்க அவர் தனிமை கூடுகிறது. இடிந்த சுவர் ஒன்றைப் பின்னால் வைத்து இந்தக் காட்சியை எடுத்தால் நஷ்டம் காட்சிக்குத்தான்.

பிள்ளைகள் எத்தனை பேர்? இதற்கும் செட்டுக்கும் என்ன சம்பந்தம் என்று தோன்றலாம். வளவைச் சுற்றி இருக்கும் அறைகள் கல்யாணமான மகன்களுக்கு ஒதுக்கப்படுபவை. மூன்று மகன் என்றால் மூன்று பேருக்கும் அறை வேண்டும். எந்த அறைக் கதவு பூட்டிக் கிடக்கிறது என்பதை வைத்தே எந்த மகன் கொண்டுவிக்க, அதாவது கடல் கடந்து வியாபாரம் பார்க்கப் போயிருக்கிறான் என்று சொல்லிவிடலாம். வசனமே வேண்டாம்.

இப்போது ஆச்சி கையில் இருக்கும் கடிதம். எனக்கு ரொம்பப் பிடித்த பகுதி இது. பர்மா 1937இல் இந்தியாவிலிருந்து நிர்வாக ரீதியாகப் பிரிந்துவிட்டது. எனவே உறையில் இருக்க வேண்டியது பர்மா தபால்தலை. கையெழுத்து? இன்று நாம் எழுதும் ணை, லை, றா, னா போன்றவை 1978 எழுத்துச் சீர்திருத்தத்துக்குப் பிறகு வந்த வடிவம். அந்தக் காலத்தில் எழுதியவர் யானைத் தும்பிக்கை மாதிரி மேலே வளைந்த கொம்பு போட்டுத்தான் லை எழுதியிருப்பார். கேமரா அந்தத் தாளின் பக்கம் ஒரு நொடி போனாலும் பழைய எழுத்து தெரிந்த ஒரு தாத்தா தியேட்டரில் கண்டுபிடித்துவிடுவார். கிட்டங்கியில், அதாவது அங்கே இருந்த வியாபாரக் கூடத்தில் உட்கார்ந்து எழுதிய கடிதம் என்றால் தாள், மை இரண்டும் வியாபாரக் கணக்குக்குப் பயன்படுத்துபவையாக இருந்தால் இன்னும் நன்றாக இருக்கும். சுவரில் மாட்டியிருக்கும் கணவரின் புகைப்படத்தையும் ஆர்ட் டிபார்ட்மெண்ட்தான் தயார் செய்ய வேண்டும். நடிகரை முன்கூட்டியே வரவழைத்து, அந்தக் கால ஸ்டுடியோ திரைக்கு முன்னால் நிறுத்தி எடுத்து, பழுப்பாக்கிச் சட்டம் போட வேண்டும். கால்ஷீட் கிடைக்காமல் இந்த ஒரு படத்துக்காகப் பத்து நாள் அலைந்ததும் உண்டு.

மற்ற பொருள்களுக்குக் காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருவுக்குப் போனால் போதும். பழைய சாமான் கடைகள் வரிசையாக இருக்கின்றன. மங்குச் சாமான் என்கிற பீங்கான் பாத்திரங்கள், கைப்பெட்டி, சுவர்க் கடிகாரம், ரவிவர்மா அச்சுப்படங்கள், தூண்கள், முழு வாசற்கதவு நிலைகூடக் கிடைக்கும். கிடைக்கிறதே என்று எல்லாவற்றையும் அள்ளி வந்து பரப்பிவிடக் கூடாது. கல்யாணத்தில் சாமான் பரப்புவது வேறு, குடித்தனம் நடக்கிற வீடு வேறு. சீராக வந்த மங்குச் சாமான் பெரும்பாலும் அறைக்குள் அடுக்கி இருக்கும். அன்றாடம் வெளியே கிடப்பது ஒரு சொம்பு, ஒரு முறம், ஓலைக் கொட்டான் ஒன்று, மழைத்தண்ணீர் பிடிக்க வளவில் ஒரு அண்டா.

கல்லும் பிளைவுட்டும்

இவ்வளவு வீடுகள் இருக்கும்போது எதற்காகச் செட் போட வேண்டும்? நியாயமான கேள்வி. முதல் காரணம் சொந்தக்காரர்கள். ஒரு பெரிய வீட்டுக்குப் பங்காளிகள் பல பேர் இருப்பார்கள், பல ஊரில் இருப்பார்கள். எல்லாரும் சம்மதிக்க வேண்டும். கல்யாணம், முன்னோருக்குச் செய்யும் படைப்பு என்று வீட்டுக்கு அதன் சொந்த வேலைகளும் உண்டு. இரண்டாவது காரணம் கேமரா. உண்மையான அறையில் சுவரை நகர்த்த முடியாது. செட்டில் ஒரு சுவரைக் கழற்றி வைத்துவிட்டு அந்த இடத்தில் கேமராவை வைக்கலாம், கூரையைத் திறந்து விளக்கைத் தொங்கவிடலாம். மூன்றாவதைச் சொல்ல எனக்கு இன்னும் வருத்தம்தான். பழைய சுண்ணாம்புப் பூச்சில் ஒரு ஆணி அடித்தால் அந்தப் பூச்சை மறுபடி அதே மாதிரி பூச இன்று ஆள் கிடைப்பது கஷ்டம்.

அதனால் பல படங்களில் இரண்டையும் கலப்பார்கள். முகப்பும் தெருவும் உண்மையான வீட்டில், உள்ளறைகள் செட்டில். தலைவாசலில் நின்றால் வளவு, இரண்டாம் கட்டு, அடுப்படி எல்லாம் தாண்டிப் பின்வாசல் வரை ஒரே நேர்கோட்டில் தெரியும் அந்தக் காட்சியைச் செட்டில் கொண்டுவருவது பெரும் செலவு. வீடு ஒரு தெருவில் தொடங்கி அடுத்த தெருவில் முடிகிறது அல்லவா? அந்த நீளத்துக்கு உண்மையான வீடுதான்.

தரைக்கு வருவோம். ஆத்தங்குடிக் கல் செய்வதை ஒருமுறையாவது நேரில் பாருங்கள். கண்ணாடித் தகட்டின் மேல் சட்டத்தை வைத்து, பூ வடிவத்துக்கு ஏற்றபடி தடுப்புகள் உள்ள உலோக அச்சை உள்ளே இறக்குகிறார்கள். சிவப்பு, மஞ்சள், பச்சை என்று சிமெண்டில் கரைத்த நிறங்களை ஒவ்வொரு தடுப்பிலும் கரண்டியால் ஊற்றுகிறார்கள். அச்சை மெதுவாக மேலே தூக்கினால் நிறங்கள் ஒன்றை ஒன்று தொட்டு நிற்கின்றன, கலப்பதில்லை. கை நடுங்கினால் இதழின் ஓரம் வழிந்துவிடும். மேலே சிமெண்டும் மணலும் போட்டுச் சமன் செய்து, காயவிட்டு, தண்ணீரில் ஊறப்போட்டு, மறுபடி காயவைத்தால் கண்ணாடி தானாக விடுபடும். பளபளப்பு அந்தக் கண்ணாடியிலிருந்து வந்தது. கை வேலை என்பதால் ஒரு கல்லைப் போல் இன்னொன்று இருக்காது.

செட்டில் தரை முழுவதும் நிஜக் கல் பதிக்க நேரமும் இருக்காது, பணமும் இருக்காது. பிரிண்ட் போட்ட ஷீட்டை ஒட்டுவார்கள். கம்ப்யூட்டரில் ஒரே கல்லைப் படமெடுத்து ஆயிரம் முறை நகல் எடுத்தால், என்ன தப்பு என்று சொல்லத் தெரியாவிட்டாலும் பார்ப்பவர் கண்ணுக்கு ஏதோ உறுத்தும். இருபது முப்பது கல்லைத் தனித்தனியாகப் படமெடுத்துக் கலைத்துப் போட வேண்டும். நடிகர் வெறுங்காலோடு நடந்து கேமரா தரைக்கு அருகில் போகும் இடத்தில் மட்டுமாவது நிஜக் கல் வைப்பது நல்லது.

அப்புறம் 'ஏஜிங்', அதாவது புதிதாகக் கட்டியதைப் பழசாக்குவது. ஆச்சி வீட்டுச் சம்பவத்துக்குப் பிறகு இன்னொரு படத்தில் எங்களுக்கு அதே மாதிரி ஒரு சுவர் வேண்டியிருந்தது, இந்த முறை செட்டில். எங்கள் பெயிண்டர் மாஸ்டர் பிரஷ்ஷைத் தொடவே இல்லை. முதலில் சுவரில் சாய்ந்து சம்மணம் போட்டு உட்கார்ந்தார். தலை படும் இடத்தைச் சாக்பீஸால் குறிக்கச் சொன்னார். "அப்பாவா நடிக்கிறவர் எவ்வளவு உயரம்?" என்று கேட்டார். நடிகர் மாஸ்டரைவிட உயரம் என்று நான் சொன்னதும் குறியை மூன்று விரல் மேலே ஏற்றினார். பழுப்பு நிறத்தை நீர்க்கக் கரைத்து, துணியில் தொட்டு, வட்டமாகத் தேய்த்தார். காயவிட்டார். மறுபடி தேய்த்தார். நடுவில் அழுத்தம், ஓரத்தில் எங்கே முடிகிறது என்றே தெரியாத மாதிரி. கடைசியாக நடுவில் மட்டும் ஒரு சொட்டு வார்னிஷ். தள்ளி நின்று பார்த்துவிட்டு, "வலது பக்கம் கொஞ்சம் இழுக்கணும். எந்திரிக்கும்போது வலது பக்கமா சாஞ்சுதான எந்திரிப்பாரு" என்றார். நான் இந்தத் தொழிலில் கற்றுக்கொண்ட பெரிய பாடம் அந்த அரை மணி நேரம்.

சேர வேண்டும் என்று நினைப்பவர்களுக்கு

ஆர்ட் டிபார்ட்மெண்டில் டிசைனருக்குக் கீழே கலை இயக்குநர், உதவிக் கலை இயக்குநர்கள், பொருள்களைப் பார்த்துக்கொள்ளும் ப்ராப்பர்ட்டி ஆட்கள், ஆசாரிகள், பெயிண்டர்கள், மோல்டிங் செய்பவர்கள், செட் அசிஸ்டெண்டுகள் என்று ஒரு படையே உண்டு. ஒரு செட்டில் படப்பிடிப்பு நடக்கும், அடுத்தது பாதி கட்டியிருக்கும், முந்தையது பிரிந்துகொண்டிருக்கும். மூன்றும் ஒரே ஆள் தலையில். காலை ஆறு மணிக்கு யூனிட் வருகிறது என்றால் ஐந்தரைக்குப் பெயிண்ட் காய்ந்திருக்க வேண்டும். தூக்கம் கெடும். சம்பளம் ஒழுங்காக மாதாமாதம் வரும் தொழில் அல்ல இது. படம் நின்றால் பாக்கியும் நிற்கும். ஆரம்ப வருடங்களில் வீட்டில் யாராவது தாங்கிப் பிடிக்க வேண்டியிருக்கும். இதை மறைத்துச் சொல்வது சரியில்லை.

படிப்பு என்று பார்த்தால், புனே திரைப்பட நிறுவனத்தில் கலை இயக்கத்துக்கும் ப்ரொடக்‌ஷன் டிசைனுக்கும் தனிப் படிப்பு இருக்கிறது. தமிழ்நாட்டில் பலர் வந்த வழி ஓவியக் கல்லூரி. கிருஷ்ணமூர்த்தி, சாபு சிரில் இருவரும் சென்னை ஓவியக் கல்லூரியில் படித்தவர்கள். 1850இல் தொடங்கிய கல்லூரி அது. கும்பகோணத்திலும் அரசு கவின்கலைக் கல்லூரி உண்டு. கட்டடக்கலை, உள் அலங்காரம், விஷுவல் கம்யூனிகேஷன் படித்துவிட்டும் வருகிறார்கள். எதைப் படித்தாலும் கடைசியில் ஒரு கலை இயக்குநரிடம் உதவியாளராகச் சேர்ந்து சில படங்கள் வேலை செய்துதான் ஆக வேண்டும். பெரிய படங்களில் வேலை செய்யச் சங்க அட்டையும் தேவைப்படும். அதற்கு முன்னால் குறும்படங்களில் கை பழகலாம். அங்கே பணம் இருக்காது, அதனாலேயே மூளை நன்றாக வேலை செய்யும்.

வரையத் தெரிய வேண்டுமா என்று எல்லாரும் கேட்கிறார்கள். மனதில் இருப்பதை ஆசாரிக்குப் புரிய வைக்கும் அளவுக்கு வேண்டும். தரைப்படம், முன்தோற்றம், கொஞ்சம் பெர்ஸ்பெக்டிவ். கம்ப்யூட்டர் மென்பொருள்களைப் பிறகு கற்றுக்கொள்ளலாம். அளவு பழகுவதுதான் முதல் வேலை.

இதை நாளைக்கே ஆரம்பிக்கலாம், உங்கள் வீட்டிலேயே. ஐம்பதில் ஒரு பங்கு என்று வைத்துக்கொள்ளுங்கள். பத்து மீட்டர் நீளக் கூடம் தாளில் இருபது சென்டிமீட்டர் வரும். சுவர், கதவு, ஜன்னல் எல்லாம் போடுங்கள். ஒவ்வொரு ஜன்னலிலும் வெயில் எத்தனை மணிக்கு நுழைந்து எத்தனை மணிக்கு விலகுகிறது என்று ஓரத்தில் எழுதுங்கள். பிறகு டேப்பை எடுத்துக்கொண்டு வாசற்கதவுக்குப் போங்கள். கை பட்டுப் பட்டுப் பெயிண்ட் போன இடம் தரையிலிருந்து எவ்வளவு உயரம் என்று அளந்து குறித்துக்கொள்ளுங்கள். குழந்தைகள் இருக்கும் வீடு என்றால் அதற்கு ஒரு முழம் கீழே இன்னொரு இடம் தேய்ந்திருக்கும். அதையும் எழுதுங்கள்.